குழுவின் சார்பாகச் சில வார்த்தைகள்

படகு கரையை விட்டு முழுசாகத் திரும்பக்கூட இல்லை, அத்தான் மைக்கைக் கேட்டுவிட்டார்.

அத்தான் என்றால் என் அக்காவின் கணவர். வடிகால் துறையில் தலைமைப் பொறியாளராக இருந்து ஓய்வு பெற்றவர். அதைச் சாக்கடை என்று யாராவது சொல்லி அவர் காதில் விழுந்தால் போச்சு, அன்றைக்கு அவர்கள் வீடு போய்ச் சேர நேரமாகும். மனித நாகரிகம் வடிகாலில்தான் தொடங்கியது என்பதை ஆதியிலிருந்து கேட்டுவிட்டுத்தான் நகர முடியும். துறையில் அவருக்கு வைத்திருந்த பெயர் 'தலைமையுரை'. அது கிண்டல் என்று அவருக்குத் தெரியாது. தெரிந்திருந்தாலும் ஏற்புரை வழங்கியிருப்பார்.

"ஒரே நிமிஷம்மா. குழு சார்பா ஒரு சின்ன அறிமுகம்," என்றார் கைடு பெண்ணிடம்.

கைடுக்கு முப்பது வயது இருக்கும். கையில் ஒரு குச்சி, குச்சியின் நுனியில் பிளாஸ்டிக் சூரியகாந்தி, இடுப்பில் ஸ்பீக்கர். கூட்டத்தில் யாரும் தொலைந்துபோகாமல் இருக்க அந்தச் சூரியகாந்தியைப் பார்த்துக்கொண்டே நடக்க வேண்டுமாம்.

"சார், பாதுகாப்பு அறிவிப்பு இன்னும் முடியல சார்."

"அதையும் நானே சொல்லிடறேன்."

சொன்னார். உயிர்காக்கும் சட்டையை எப்படிக் கட்டுவது என்பதில் ஆரம்பித்து, தான் பணியில் இருந்த காலத்தில் ஒரு பெருமழையை எப்படித் தனியொருவனாக எதிர்கொண்டார் என்பதில் முடித்தார். கட்டத் தெரியாதவர்கள் கடைசிவரை கட்டாமலே உட்கார்ந்திருந்தார்கள். எல்லோர் நெஞ்சிலும் மஞ்சள் ஸ்டிக்கர். நாங்கள் மஞ்சள் குழு. எங்களுக்கு முன்னால் போன படகில் நீலக் குழு. அவர்கள் கொடுத்துவைத்தவர்கள்.

அக்கா ஜன்னல் ஓரத்தில் கைப்பையை மடியில் வைத்துக்கொண்டு தண்ணீரைப் பார்த்துக்கொண்டிருந்தாள். இந்தப் படகில் நாங்கள் எதற்கு ஏறினோம் என்பது அவளுக்கும் எனக்கும் மட்டும்தான் தெரியும். மற்றவர்களைப் பொறுத்தவரை இது 'படகில் ஒரு நாள்: கைவினைத் தீவுகள்', மதிய உணவு உட்பட.

அக்காவுக்கு ஒரே பெண். அவள் ஒரு மருந்துக்கடைக்காரனைக் கல்யாணம் செய்துகொள்கிறேன் என்றபோது அத்தான் எதிர்த்தார். அடிதடியெல்லாம் இல்லை, பேச்சுதான். பிறகு மன்னித்தார். மன்னித்ததைப் பற்றி இன்னும் நீளமாகப் பேசினார். அந்தப் பையன் தங்கமானவன். மாமனார் மூச்சு வாங்க நிறுத்துகிற இடத்தில் "அப்புறம் மாமா?" என்று கேட்கிற அளவுக்கு நல்லவன். காய்ச்சல் என்று படுத்தவன் எழுந்திருக்கவே இல்லை.

சாவு வீட்டில், உடலை வண்டியில் ஏற்றப் போகிற நேரத்தில், அத்தான் தொண்டையைச் செருமினார்.

"இந்தத் திருமணத்தை நான் எதிர்த்தவன் என்பது இங்கே கூடியிருக்கும் அனைவரும் அறிந்ததே. ஆயினும்…"

அந்த 'ஆயினும்' எங்கெங்கோ போயிற்று. வண்டிக்காரர் என்ஜினைப் போடுவதும் அணைப்பதுமாக இருந்தார். முடிந்ததும் பின்வரிசையில் யாரோ பழக்கதோஷத்தில் கை தட்டிவிட்டுத் தலையைக் குனிந்துகொண்டார்கள். பெண் அழவில்லை. புருஷனின் தலைமாட்டில் நின்று ஒரு வார்த்தை விடாமல் கேட்டாள். அப்புறம் கொஞ்ச நாளில் வீட்டைக் காலி செய்து, சாவியைப் பக்கத்து வீட்டில் கொடுத்துவிட்டுப் போனவள் போனவள்தான். ஒரே ஒரு தடவை அக்காவுக்குப் போன் செய்தாள். "நல்லா இருக்கேன்மா. தேடாதீங்க." அந்த நம்பரும் அதோடு செத்துப்போனது. உறவுக்காரர்கள் கேட்டால் அத்தான், "துயரத்தைக் கடந்து செல்வதற்கு அவளுக்குத் தனிமை தேவைப்படுகிறது" என்பார், செய்தி வாசிப்பது போல. பாதித் தெரு அதை நம்பியது. மீதித் தெரு அவரிடம் கேட்பதையே விட்டுவிட்டது.

போன மாதம் அக்கா சிக்னலில் நின்றிருந்தபோது முன்னால் ஒரு பஸ். பஸ்ஸின் முதுகு முழுக்க ஒரே ஒரு கை. கத்தரிக்கோல் பிடித்த கை, ஆள் உயரத்துக்கு. கீழே இந்தப் படகுக் கம்பெனியின் பெயர். அக்கா அந்த பஸ்ஸின் பின்னாலேயே அடுத்த நிறுத்தம் வரைக்கும் ஓடியிருக்கிறாள், இந்த மூட்டுவலியோடு.

"நகம் ரெண்டா பொளந்திருக்குடா," என்றாள் என்னிடம். "சின்ன வயசுல பீரோ கதவுல மாட்டிக்கிட்டு அழுதாளே, அதே நகம்."

"அக்கா, உலகத்துல பீரோவும் நிறைய இருக்கு, நகமும் நிறைய இருக்கு."

"போடா. எனக்குத் தெரியாதா?"

கம்பெனிக்குப் போன் போட்டால், பட்டறைக்குத் தனியாக யாரையும் விடுவதில்லை, குழுவாகத்தான் போக வேண்டும், வார நாளில் கொஞ்சம் சல்லிசு என்றார்கள். பெற்ற பெண்ணைப் பார்க்கப் பேக்கேஜ் எடுத்த முதல் தாய் என் அக்காவாகத்தான் இருப்பாள்.

"பாத்து ஒரே ஒரு வார்த்தை சொல்லணும்டா. வீட்டுக்கு வாடின்னு. அவ்வளவுதான். அவ வந்துடுவா."

"இவரை எதுக்கு இழுத்துக்கிட்டு வர்றே?"

"நாள் முழுக்க எங்க போறேன்னு சொல்றது? டிக்கெட்டைப் பாத்துட்டார். பாரம்பரியக் கைவினை பத்தி எனக்குச் சில கருத்துகள் இருக்கு, நானும் வரேன்னுட்டார்."

"பொண்ணு அங்க இருக்கான்னு சொன்னியா?"

"சொன்னா இப்பவே குறிப்பு எடுக்க உக்காந்துடுவாருடா."

முதல் தீவு மண்பாண்டத் தீவு. கரையில் இறங்கியதும் சூரியகாந்தி முன்னே போக நாங்கள் பின்னே போனோம். ஓர் ஓட்டுக் கொட்டகையில் சக்கரம் சுற்றிக்கொண்டிருந்தது. குயவர் முழங்கைவரை சேறாக உட்கார்ந்து, பார்த்துக்கொண்டிருக்கும்போதே ஒரு குடுவையை மேலே இழுத்தார்.

"தலைமுறை தலைமுறையா கைமாறி வந்த கலை. அற்புதம்!" என்றாள் கைடு.

"உங்க குடும்பத்துல எத்தனை தலைமுறையா செய்றீங்க?" என்று எங்கள் குழுவில் ஓர் அம்மாள் பக்தியோடு கேட்டாள்.

"நான் முன்னாடி லிஃப்ட் ரிப்பேர் பாத்துட்டிருந்தேன் மேடம்," என்றார் குயவர். "அதுல நடுவுல மாட்டிக்கிட்டா யாரும் எடுக்க வர மாட்டாங்க. இது பரவால்ல."

"அற்புதம்! அடுத்து நாம கடைக்குப் போறோம்."

எந்தக் கொட்டகைக்குள் நுழைந்தாலும் வெளியே வருகிற வழி கடை வழியாகத்தான் இருந்தது. இந்த ஏற்பாட்டைச் செய்தவனுக்கு வடிகாலின் தத்துவம் தெரிந்திருக்க வேண்டும். அத்தான் ஒரு கெண்டியைக் கையில் எடுத்து, மூக்கின் சரிவு தவறு, இதில் தண்ணீர் தேங்கும் என்று விற்பனைப் பெண்ணுக்கு நிரூபித்துக்கொண்டிருந்தார். அவள் அதைச் சுற்றிக் கொடுப்பதற்காகத் தாளை எடுத்துவைத்துக்கொண்டு காத்திருந்தாள். கடைசியில் அவர் வாங்கவில்லை. கருத்தை மட்டும் கொடுத்தார்.

அக்கா பானைக்கு வண்ணம் தீட்டுகிற பெண்களின் கைகளை ஒவ்வொன்றாகப் பார்த்துக்கொண்டே போனாள். தடுப்புக் கயிற்றுக்கு மேலே குனிந்து குனிந்து பார்த்தாள். ஒருத்தி சங்கடப்பட்டுக் கையை மடிக்குள் இழுத்துக்கொண்டாள்.

"இங்க இல்ல," என்றாள் என்னிடம்.

படகிலேயே சாப்பாடு. அட்டைப் பெட்டியில் எதையோ கொடுத்தார்கள், எல்லோரும் அது என்னவென்று விசாரித்துக்கொண்டே சாப்பிட்டோம். அக்கா பெட்டியைத் திறக்கவில்லை. படகின் கழிவறைக்குப் போய்த் தலையைச் சீவி, பவுடர் போட்டுக்கொண்டு வந்தாள். ஆட்டத்தில் பவுடர் ஒரு கன்னத்தில் அதிகமாகிவிட்டது. கைக்குட்டையால் நான் துடைத்துவிட்டேன்.

"எப்படிடா இருக்கேன்? ரொம்பக் கிழவி ஆயிட்டேன்னு பயந்துடப் போறா."

"ராணி மாதிரி இருக்கே."

"மூஞ்சியைப் பாத்து சொல்லுடா நாயே."

இரண்டாவது தீவு லேஸ் தீவு. பளிச்சென்று வண்ணம் அடித்த வீடுகள், ஜன்னலுக்கு ஜன்னல் கட்டிய கொடியில் போர்வைகள். ஒல்லியான சந்தில் ஒருவர் பின் ஒருவராக நடந்தோம். பட்டறை வாசலில் கைடு நின்று திரும்பினாள். காலையிலிருந்து முதல் தடவையாக அவள் குரலைத் தணித்துப் பேசினாள். அதனாலேயே எல்லோரும் கேட்டோம்.

"உள்ள ஏழு பலகை இருக்கு. ஒரு லேஸ் ஏழு பேர் கை மாறித்தான் முடியும். ஒவ்வொருத்தருக்கும் ஒரே ஒரு வேலைதான். ஆறு பலகை வரைக்கும் கேள்வி கேளுங்க, போட்டோ எடுங்க, என்ன வேணா பண்ணுங்க. ஏழாவது பலகைகிட்ட மட்டும் மூச்சு விடற சத்தம்கூட வரக் கூடாது."

காரணத்தையும் சொன்னாள். லேஸை அந்தரத்தில் பின்ன முடியாது. துணியில் தையல் போட்டுப் பிடித்துவைத்துக்கொண்டு அதன்மேல் நூலால் பின்னுகிறார்கள். மாதக்கணக்கில் பின்னி முடிந்ததும், துணியோடு பிடித்துவைத்திருக்கும் அந்தத் தையல்களை மட்டும் ஒவ்வொன்றாகக் கத்தரித்துவிட்டால் லேஸ் தனியாகக் கழன்று வரும். அதுதான் ஏழாவது பலகையின் வேலை. தையல் நூலும் வெள்ளை, லேஸ் நூலும் வெள்ளை. ஒரு மயிரிழை தப்பினால் ஆறு பேரின் உழைப்பும் போச்சு.

"கேக்கறதுக்கு நம்ம ஆபீஸ் மாதிரியே இருக்கு மாப்ளே," என்றார் அத்தான் என் காதில். அவர் சொன்னதிலேயே உண்மையானது அது ஒன்றுதான். அதையும் ரகசியமாகச் சொன்னார்.

உள்ளே நீளமான அறை. சுண்ணாம்பு அடித்த சுவர், பெரிய ஜன்னல்கள், வெளிச்சத்தைப் பார்த்துப் போட்ட பலகைகள். முதல் பலகையில் ஊசியில் நூல் கோத்துக் கோத்துத் தலையணையில் குத்திவைக்கிற வேலை. இரண்டாவதில் துணியில் கோடு வரைவது. மூன்றாவதில் தடிமனான கண்ணாடி போட்ட ஓர் அம்மாள், துணியை மூக்கில் இடிக்கிற மாதிரி வைத்துப் பின்னிக்கொண்டிருந்தாள்.

"நீங்க என்ன செய்றீங்கம்மா?" என்றார் ஒருவர்.

"நான் ஓட்டை மட்டும் போடுவேன். சுத்தி இருக்கறதெல்லாம் மத்தவங்க பொறுப்பு."

சிரித்தோம். அவளும் சிரித்தாள். தினமும் சொல்கிற நகைச்சுவைதான், ஆனால் நன்றாகத்தான் சொன்னாள்.

ஏழாவது பலகை கடைசி ஜன்னல் ஓரத்தில், எங்களுக்கு முதுகு காட்டி இருந்தது. அங்கே உட்கார்ந்திருந்தவள் தலையில் வெள்ளைத் தொப்பி. மூச்சின் ஈரம் நூலில் படாமல் இருக்க மூக்கையும் வாயையும் மூடிக் கட்டிய துணி. பலகையில் பொருத்திய பெரிய பூதக்கண்ணாடிக்குள் அவள் குனிந்திருந்தாள். எங்களுக்குத் தெரிந்ததெல்லாம் தோள்களும் பின்கழுத்தும்தான்.

அக்கா என் மணிக்கட்டைப் பிடித்தாள். பிடித்த பிடியில் விரல் பதிந்துவிட்டது. கையைப் பார்க்க வேண்டிய அவசியமே இருக்கவில்லை. பின்கழுத்தே போதுமாக இருந்தது.

அத்தானுக்கு எதுவும் தெரியவில்லை. அவர் சுவரில் மாட்டியிருந்த பட்டறை வரலாற்றைப் படித்து அதில் ஒரு பிழை கண்டுபிடித்திருந்தார்.

சூரியகாந்தி மேலே போயிற்று. எல்லோரும் அடங்கினோம். குழந்தைகள்கூட அடங்கின. கத்தரிக்கோலின் நுனி துணிக்கும் லேஸுக்கும் நடுவே போவது, அவள் தோளுக்கு மேலாக எட்டிப் பார்த்தால், பூதக்கண்ணாடியில் பெரிதாகத் தெரிந்தது. நகம் வெட்டுவது போல ஒரு சின்னச் சத்தம். இடைவெளி. இன்னொரு சத்தம். ஒவ்வொரு சத்தத்துக்கும் லேஸின் ஓரம் துளித்துளியாகத் துணியை விட்டு எழுந்தது. பூக்களும் கொடிகளுமாக ஒரு பெரிய மேஜை விரிப்பு. முக்கால்வாசி விடுபட்டிருந்தது.

அக்கா உதட்டை இறுக்கி மூடிக்கொண்டு நின்றாள். ஒரே ஒரு வார்த்தையைத் தொண்டையில் வைத்துக்கொண்டு இத்தனை தூரம் வந்தவள், அந்தக் கை நிற்கட்டும் என்று காத்திருந்தாள். பெண்ணின் வேலை கெடக் கூடாது என்பது அவளுக்கு யாரும் சொல்லிப் புரிய வேண்டியதில்லை.

அத்தானுக்கு மௌனம் என்றாலே யாரோ பேச வேண்டியவர் இன்னும் வரவில்லை என்று அர்த்தம். இத்தனை பேர் கூடியிருக்க, ஒருவரும் பேசாமல் நிற்பதை அவர் வாழ்நாளில் அனுமதித்ததில்லை. நான் அவர் பக்கம் திரும்பினேன். கைகளை முன்னால் கோத்துக்கொண்டு நெஞ்சை நிமிர்த்திக்கொண்டிருந்தார். நான் கையை நீட்டுவதற்குள் தொண்டையைச் செருமிவிட்டார்.

"அனைவருக்கும் வணக்கம். இந்த எளிய கலைஞருக்கு நம் குழுவின் சார்பாகச் சில வார்த்தைகள்…"

அந்தத் தோள்கள் ஒரு தடவை துள்ளி அடங்கின. அவ்வளவுதான். பெரிதாக எதுவும் நடக்கவில்லை. ஒரு 'கிளுக்', மற்றவற்றைவிடச் சற்றே நீளமாக. பூதக்கண்ணாடிக்குள் ஒரு பூ நடுவில் பிளந்து, இதழ்கள் ஒவ்வொன்றாகப் பிரிந்து நூலாகிக்கொண்டே போயின.

"…பொறுமை என்பது, நண்பர்களே, வடிகாலுக்கும் பொருந்தும், வாழ்க்கைக்கும்…"

"சார்! ஐயோ சார்!" கைடு சூரியகாந்தியைக் கீழே போட்டுவிட்டு ஓடிவந்தாள்.

ஏழாவது பலகைக்காரி கத்தரிக்கோலைத் துணியின் மேல் வைத்தாள். திரும்பவில்லை. மற்ற பலகைகளில் இருந்தவர்கள் ஒவ்வொருவராக எழுந்துவந்தார்கள். ஒவ்வொருத்தியும் குனிந்து தன் பங்கைப் பார்த்தாள். மூன்றாவது பலகை அம்மாள் கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றி, மூக்கு இடிக்கக் குனிந்து, பிரிந்துபோன இடத்தில் ஒரு விரலை வைத்தாள். விரலை எடுக்கவே இல்லை. யாராவது திட்டியிருந்தால் கொஞ்சம் நன்றாக இருந்திருக்கும்.

"என்ன ஆச்சு? நான் பாராட்டத்தானே செஞ்சேன்?" என்றார் அத்தான்.

"எல்லாரும் கடைக்கு வாங்க! கடைக்கு, கடைக்கு!" கைடு குழுவை ஓட்டிக்கொண்டு போனாள். எங்கள் குழுவுக்கு அந்த விபத்தும் கடை வழியாகத்தான் முடிந்தது.

ஏழாவது பலகைக்காரி எழுந்து பின்கதவு வழியாக வெளியே போனாள். அக்கா தடுப்புக் கயிற்றைத் தாண்டி ஓடினாள். நான் அவள் பின்னால்.

பின்னால் சின்ன முற்றம். ஒரு குழாய், ஒரு துவைகல், அலசிப் போட்ட வெள்ளைத் துணிகள். அவள் குழாயைத் திறந்து கையைக் காட்டிக்கொண்டு நின்றாள். வாய்த்துணியைக் கீழே இறக்கினாள். முகம் அக்காவுடையது. நிமிர்ந்து நிற்கிற நிலை மட்டும் அத்தானுடையது, பாவம்.

"பாப்பா," என்றாள் அக்கா.

"அவர்தானேம்மா?"

"ஆமாம்டி."

"செருமினப்பவே தெரிஞ்சுது. அன்னைக்கும் முதல்ல செருமினார்." தண்ணீரை நிறுத்தினாள். "வாங்க மாமா. இளைச்சுட்டீங்க."

"நீ?" என்றேன். "உன் வேலைக்கு ஏதாவது ஆயிடுமா?"

"அனுப்ப மாட்டாங்க. திட்டவும் மாட்டாங்க. தப்பா வெட்டினவ மறுபடி முதல் பலகையில போய் உக்காரணும். நூல் கோக்கறதுலேருந்து."

"மறுபடி ஏழாவதுக்கு வர எவ்வளவு நாள் ஆகும்?"

"நாளா?" சிரித்தாள். "நான் இந்த வருஷம்தான் மாமா ஏழாவதுக்கே வந்தேன். அது போகட்டும். மூணாவது பலகை அக்காவுக்குக் கண்ணு போயிட்டே இருக்கு. இதுதான் என் கடைசி விரிப்புன்னு சொல்லிச் சொல்லிப் போட்டாங்க."

அக்கா அந்தக் கையை எடுத்து, ஈரத்தைத் தன் முந்தானையில் துடைத்துவிட்டாள். பிறகு, இத்தனை காலம் சுமந்து வந்ததைச் சொன்னாள்.

"வீட்டுக்கு வாடி."

"எந்த வீட்டுக்கும்மா? பேசறதுக்கு அவர் இருக்கார், கேக்கறதுக்கு நீ இருக்கே. நான் எதுக்கு?"

அக்கா என்னைத் திரும்பிப் பார்த்தாள். அவள் கொண்டுவந்தது அந்த ஒரு வார்த்தைதான்.

"நீ எதுக்கும்மா அவரைக் கூட்டிட்டு வந்தே? தனியா வந்திருக்கலாம்ல?"

"தனியா வரத் தெரியலடி," என்றாள் அக்கா. ஏதோ கணக்குப் பாடம் வராத பிள்ளை டீச்சரிடம் சொல்வது போல.

பெண் அம்மாவின் கன்னத்தில் ஒட்டியிருந்த மிச்சப் பவுடரைக் கட்டை விரலால் தேய்த்துவிட்டாள். அவள் முகம் இளகியது.

"ஒண்ணு பண்ணு. நீ இங்க இருந்துடு."

"என்னடி சொல்றே?"

"மாடியில எனக்கு ரூம் இருக்கு. முதல் பலகையில இடம் காலியாத்தான் இருக்கு. நாளைக்கு நான் நூல் கோக்கப் போறேன், நீயும் வந்து பக்கத்துல உக்காரு. உனக்குத்தான் கண்ணு நல்லா இருக்கே."

"இந்த வயசுல எனக்கு என்னடி தெரியும்?"

"இங்க யாருக்கும் எதுவும் தெரியாது. ஒரே ஒரு வேலை தெரிஞ்சா போதும்."

அக்கா சிரித்துவிட்டாள். அந்தச் சிரிப்பை நான் கேட்டு வருஷக்கணக்காகிறது. அப்புறம் தலையை உயர்த்தி மாடி ஜன்னலைப் பார்த்தாள். சும்மா பார்க்கவில்லை, வாடகைக்கு வீடு பார்க்க வந்தவளைப் போல அளந்து பார்த்தாள்.

"கட்டில் இருக்கா, கீழதான் படுக்கணுமா?"

"கட்டில் உனக்கு. நான் கீழ."

"மேல தண்ணி ஏறுமா?"

"காலைல ஏறும். பிடிச்சு வெச்சுக்கணும்."

"படி செங்குத்தா இருக்குமோ?"

"கைப்பிடி இருக்கும்மா."

கேள்விகளைப் பார்த்தால் அவள் குடியேறிவிட்டாள். கட்டிலில் ஒரு காலை எடுத்துவைத்தாயிற்று. அத்தானுக்கு என்ன சொல்லிச் சமாளிப்பது என்று நான் மனதுக்குள் வாக்கியம் தேட ஆரம்பித்தேன். என்ன பெரிய வாக்கியம், அவர் பேசிக்கொண்டே இருக்கும்போது ஊர் வந்துவிடும், அப்புறம் பார்த்துக்கொள்ளலாம் என்று தைரியம் வந்தது.

படகு ஹாரன் அடித்தது. சந்தின் முனையில் கைடின் குரல்: "மஞ்சள் ஸ்டிக்கர் எல்லாரும் வாங்க! மஞ்சள் ஸ்டிக்கர்!"

அக்காவின் கை தானாகக் கைப்பைக்குப் போனது.

"மாத்திரை," என்றாள்.

"என்ன மாத்திரை?"

"அவரோட பிரஷர் மாத்திரை. சாப்பாட்டுக்கு அப்புறம் போடணும். எங்கிட்ட இருக்கு. இன்னும் போட்டிருக்க மாட்டார்."

"மாமாகிட்ட குடும்மா."

நான் கையை நீட்டினேன். அக்கா பையைத் திறந்து அட்டையை எடுத்தாள். கொடுக்கவும் செய்தாள். "இதைப் பாதியா உடைச்சுக் குடுக்கணும். அவருக்கு உடைக்கத் தெரியாது, கீழ போட்டுடுவார். ராத்திரிக்கு வேற. அது அலமாரியில மேல் தட்டுல. இல்ல, இல்ல, அதைக் கண்ணாடிப் பெட்டிக்குப் பின்னால மாத்தி வெச்சேன். காலைல வெறும் வயித்துல ஒண்ணு…" நிறுத்தினாள். "உனக்குப் புரியாதுடா."

"புரியுதுக்கா. விடு."

அவள் விடவில்லை. அட்டையின் ஒரு முனை என் கையில், மறுமுனை அவள் கையில். இரண்டு பேரும் இழுத்துக்கொண்டு நின்றோம். நான் பலமாக இழுத்தால் வந்திருக்கும் என்றுதான் நினைக்கிறேன். அவள் பிடி தளரவில்லை. கடைசியில் என் கைதான் விட்டது.

"இதை மட்டும் குடுத்துட்டு வந்துடறேன்டி," என்றாள் பெண்ணிடம், பக்கத்து வீட்டுக்குப் போகிறவளைப் போல.

"படகு நாளைக்கும் வரும்மா," என்றாள் அவள். "நீதான் வர மாட்டே."

அக்கா அந்தப் பிளந்த நகத்தைக் கட்டை விரலால் ஒரு தடவை தடவினாள். அப்புறம் திரும்பிச் சந்தில் இறங்கி வேகமாக நடந்தாள், மூட்டு வலிக்கிறது என்பதையே மறந்தவளாக. நான் முற்றத்தில் ஏதாவது சொல்லிவிட்டுப் போகலாம் என்று நின்றேன். பெண் வாய்த்துணியை மூக்குவரை ஏற்றிக் கட்டிக்கொண்டு உள்ளே போய்விட்டாள்.

படகில் அத்தான் மூன்று பேர் உட்காரும் இருக்கையின் நடுவில் உட்கார்ந்திருந்தார். முகம் சிவந்திருந்தது. அந்தக் கைடு ஒரு மூத்த குடிமகனை மற்றவர்கள் முன்னால் கை பிடித்து இழுத்ததைப் பற்றிப் பக்கத்து வரிசைக்கு விளக்கிக்கொண்டிருந்தார். பக்கத்து வரிசை ஜன்னலுக்கு வெளியே பார்த்துக்கொண்டிருந்தது.

"எங்க போயிட்டீங்க ரெண்டு பேரும்?"

அக்கா அவர் பக்கத்தில் உட்கார்ந்தாள், நான் மறுபக்கம். மாத்திரையை அட்டையிலிருந்து பிதுக்கி, நகத்தை வைத்து அழுத்திப் பாதியாக உடைத்தாள். சரிபாதியாக உடைந்தது. அவர் உள்ளங்கையில் வைத்தாள். தண்ணீர் பாட்டிலின் மூடியைத் திறந்து கொடுத்தாள். அவர் அண்ணாந்து விழுங்கினார். படகு பின்வாங்கித் திரும்பியது. வண்ண வீடுகள் ஒன்றன்பின் ஒன்றாக விலகின. அக்கா அந்தப் பக்கம் பார்க்கவில்லை. மீதிப் பாதியைத் தாளில் மடித்துப் பைக்குள் வைத்துக்கொண்டிருந்தாள்.

"ஆனா ஒண்ணு," என்றார் அத்தான் வாயைத் துடைத்துக்கொண்டு. "அந்தக் கத்தரிக்கோல் பொண்ணுக்குச் சுத்தமா கவனமே இல்ல. நான் ரெண்டு வார்த்தை ஆரம்பிச்சதுக்கே கையை விட்டுட்டா. இந்த மாதிரி ஆளையெல்லாம் முக்கியமான இடத்துல உக்கார வெச்சா அந்தப் பட்டறை எப்படி உருப்படும்?"

நான் வாயைத் திறந்தேன். அக்கா அவர் முதுகுக்குப் பின்னால் கையை நீட்டி என் முழங்கையைப் பிடித்தாள்.

"என்ன, நான் சொல்றது சரிதானே?" என்றார் அத்தான் அவளைப் பார்த்து.

அக்கா பாட்டிலின் மூடியைத் திருகி இறுக்கினாள்.

"சரிதாங்க," என்றாள்.